வலி என்கிற உதாரணம்

உள்ளே இருப்பவரையும் சேர்த்து எங்களுக்கு முன்னால் மூன்று பேர். எங்கள் நம்பர் பதினான்கு. பதினொன்று உள்ளே போய் இருபது நிமிடம் ஆகிறது, போனவர் வெளியே வருகிற வழியாகத் தெரியவில்லை. டாக்டர் ஹபீபுல்லா சொல்லப்போவது ஒரு வரி. அறுவை செய்யலாம், இல்லை, செய்ய முடியாது. அந்த ஒரு வரிக்கு இத்தனை நேரமா? என் மடியில் ஸ்கேன் உறை இருக்கிறது. அறிக்கையை உள்ளே வைத்து ஒட்டிக் கொடுத்திருக்கிறார்கள். காலையில் வாங்கிய கையோடு பிரித்துப் படித்திருப்பேன், படித்தால் மட்டும் எனக்கு என்ன புரிந்துவிடப்போகிறது என்று விட்டுவிட்டேன். பொய். பயந்துதான் விட்டேன். பக்கத்து நாற்காலியில் என் கணவர். குஞ்சிதபாதம், வயது அறுபத்துநான்கு, கல்லூரியில் தத்துவத் துறைத் தலைவராக இருந்து ஓய்வு பெற்றவர். முதுகை நிமிர்த்திக் கண்ணை மூடி உட்கார்ந்திருக்கிறார். பயத்தில் மூடியிருந்தால் அவர் கையைப் பிடித்துக்கொள்வேன். பயம் இல்லையாம். பயத்தைக் கடந்தாயிற்றாம். வயிற்றுக்குள் ஒரு கட்டி, அது எதுவரைக்கும் பரவியிருக்கிறது என்று இன்னும் கொஞ்ச நேரத்தில் தெரியப்போகிறது, இந்த மனிதர் நெற்றியில் ஒரு சுருக்கம் இல்லை. அந்த நெற்றியைப் பார்க்கப் பார்க்க எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. இரண்டு வருடம் நான்கு மாதம். ஒரு வார்த்தை பேசவில்லை. வாயில் கொழுக்கட்டை. சின்னப் பிள்ளைகள் மாதிரி சிலேட்டும் பலப்பமும் வைத்துக்கொண்டு, காபி போதும், குழாய் சொட்டுகிறது, கேஸ் புக் செய்யவும். எல்லாவற்றையும் கடந்துபோனவருக்குக் கேஸ் எதற்கு? அதைக் கேட்டேன் ஒருநாள். புன்னகை செய்தார். அந்தப் புன்னகை இருக்கிறதே, அதற்காகவே ஒருத்தி வீட்டை விட்டு ஓடிப்போகலாம்.

நர்ஸ் ஃபைலை எடுத்துக்கொண்டு வந்தாள். சின்னப் பெண், மூக்கில் கல் வைத்த பொட்டு மூக்குத்தி. "பதினாலு நீங்கதானம்மா? வலி எப்பலேர்ந்துன்னு டாக்டர் கேப்பாரு, ரெடியா இருங்க. அட்மிசன் அன்னிக்கி தெரியாதுன்னு எழுதியிருக்கு." சரி என்றேன். அவள் இவரைப் பார்த்து, "ஐயாவே சொன்னாலும் சரி" என்றாள். ஐயா கண்ணைத் திறந்து அவளுக்கும் ஒரு புன்னகை கொடுத்தார். அவள் பதிலுக்குச் சிரித்துவிட்டுப் போனாள், எல்லோருக்கும் இவரைப் பிடித்துப்போகிறது, அது ஒரு எரிச்சல். வலி எப்போதிலிருந்து. போன மாதம் குளியலறையில் மயங்கி விழுந்தபோது கொண்டுவந்து சேர்த்தேனே, அன்றைக்கும் அந்த இளம் டாக்டர் இதையேதான் கேட்டான். தெரியாது என்று சொன்னது நான்தான். இவர் கட்டிலில் கண்ணை மூடிக் கிடந்தார், கையில் ஊசி ஏறிக்கொண்டிருந்தது, காது கேட்டிருக்கும். தெரியாது டாக்டர், இவர் மௌனத்தில் இருப்பவர், யாரிடமும் எதுவும் சொல்வதில்லை என்றேன். நன்றாகத்தான் சொன்னேன், தடுமாறவே இல்லை, முப்பத்தொரு வருடம் பெண்கள் கல்லூரியில் தத்துவம் சொல்லிக்கொடுத்தவளுக்கு ஒரு வாக்கியம் கோர்வையாக வராதா என்ன. இந்த ஹாலில் ஏ.சி. வேறு தேவைக்கு மேல் போட்டிருக்கிறார்கள். கால் விறைக்கிறது. டெட்டால் வாசனைக்கு நடுவில் எங்கிருந்தோ சாம்பார் வாசனை வருகிறது. டி.வி.யில் சத்தமில்லாமல் ஒரு பெண் கத்தரிக்காயை நான்காகக் கீறிக் காட்டுகிறாள்.

சொக்கநாத ஐயா. அந்த ஆளைச் சொல்ல வேண்டும். கொல்லிமலை அடிவாரத்தில் நிறைமோன நிலையம் என்று ஒரு கொட்டகை, அதைச் சுற்றிப் பாக்கு மரம். முன்பு மின் பொறியாளராக இருந்தவராம், ஒரு மழைநாளில் கம்பத்தின் கீழே நின்றபோது அறிவுக்கு அப்பால் இருக்கிற அறிவு அவருக்குத் திறந்துகொண்டதாம். அதற்கு அப்பாலறிவு என்று பெயர் வைத்திருக்கிறார். புலனால் வராதது, யோசித்தும் வராதது, ஒருவர் சொல்லியும் வராதது, பேச்சு நின்றால் தானாக வருவது. இதைக் கேட்டு மயங்குவதற்கு ஒரு பாமரர் போயிருந்தால் எனக்குக் கோபம் இருந்திருக்காது. போனது யார்? காண்டல், கருதல், உரை என்று அறிவு வருகிற மூன்று அளவைகளையும் கரும்பலகையில் போட்டு, இந்த மூன்றில் எதில் வருகிறது உங்கள் அறிவு என்று வருகிற போகிற சாமியார்களை எல்லாம் மடக்கிக்கொண்டிருந்த மனிதர். ஓய்வு பெற்ற வருடம் சும்மா பார்த்துவிட்டு வருகிறேன் என்று போனார். திரும்பி வந்து, வல்லி, அங்கே ஏதோ இருக்கிறது என்றார். என்ன இருக்கிறது? சொல்ல முடியாது. இதுதான், இந்த இடத்தில்தான் எனக்கு ரத்தம் கொதிக்கிறது. சொல்ல முடியாது என்று ஒருவர் சொல்லிவிட்டால் அப்புறம் அவரை யார் திருத்துவது? தவறு என்று எப்படிக் காட்டுவது? வகுப்பில் ஆயிரம் தடவை சொல்லியிருக்கிறேன், அனுபவத்தைத் தாண்டிய ஒன்றை அறிவேன் என்பது வேறு, அனுபவம் வருவதற்கே எது அடியில் இருக்க வேண்டும் என்று தேடுவது வேறு, ரெண்டும் ஒன்று போலத் தெரியும், குழப்பிக்கொள்ளாதீர்கள் பெண்களே என்று. முதலாவது ஆகாயத்தைப் பார்க்கிறது, இரண்டாவது நிற்கிற தரையைப் பார்க்கிறது. இந்த வித்தியாசத்தை எனக்கே முதலில் விளங்க வைத்தவர் இதோ பக்கத்தில் கண்ணை மூடி உட்கார்ந்திருக்கிறார். சொக்கநாத ஐயாவே தலையசைத்து விடை கொடுக்கும்வரை இவர் பேசக் கூடாதாம், நடுவில் பேசிவிட்டால் முதலிலிருந்தாம். அந்த ஐயா மட்டும் தினம் காலை ஐந்து மணிக்கு வாட்ஸ்அப்பில் எட்டு நிமிடம் பேசி அனுப்புகிறார். மௌனத்தின் பெருமையைப் பற்றி.

எனக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்த அம்மாள் ரொம்ப நேரமாக இவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். துறையூர்ப் பக்கம் என்று முன்பே சொல்லியிருந்தாள், புருஷனுக்குக் குடலில் ஏதோ அடைப்பு, அவர் ஜன்னலோரம் நின்று போனில் யாருக்கோ மாட்டுத் தீவனம் பற்றிச் சத்தம் போட்டுக்கொண்டிருந்தார். "ஐயாவுக்கு வாய் பேச வராதாம்மா?" என்று என் காதோரம் கேட்டாள். வரும், பேச மாட்டார் என்றேன். "ஏன், உங்க மேல கோவமா?" எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. இல்லைங்க, விரதம் என்றேன். அவள் உடனே முந்தானையை இழுத்துவிட்டுக்கொண்டு இவரைப் பார்த்து ஒரு கும்பிடு போட்டாள். அப்புறம் கொஞ்சம் யோசித்து, "நானும் ஒருதரம் ஏழு மாசம் இவர்கிட்ட பேசாம இருந்தேம்மா. நாத்தனா கல்யாணத்துல எங்கம்மாவ ஒரு வார்த்த சொல்லிப்புட்டாரு. ஏழு மாசமும் சோறு போடுவேன், துணி தொவைப்பேன், வாயத் தொறக்க மாட்டேன். மனுசன் கரைஞ்சே போயிட்டாரு" என்றாள். அப்புறம் எப்படிப் பேசினீங்க என்று கேட்டேன். "தேளு கொட்டிருச்சு. ஐயோன்னு கத்திட்டேன். அப்பறம் என்னத்த விரோதம்." அவள் சாதாரணமாகச் சொன்னாள். தேள் கொட்டினால் கத்துகிறவள் மனுஷி. கொட்டினாலும் கத்தாதவர்களைக் கும்பிட்டு வைத்திருக்கிறோம், இந்த நாட்டில் எல்லாக் கொட்டகையிலும் அவர்கள்தான் உட்கார்ந்திருக்கிறார்கள், வலியைச் சாட்சியாக நின்று பார்க்கிறவர்கள். நின்று பார்த்தால் வலி போய்விடுமா? கட்டி நின்று பார்க்குமா? அது வளர்ந்துகொண்டே இருக்கிறது. அதற்குச் சாட்சியும் தெரியாது, ஐயாவும் தெரியாது.

பன்னிரண்டு என்று கூப்பிட்டார்கள். பதினொன்று வெளியே வந்தது. இளைஞன் ஒருவன், அவன் அப்பா, இரண்டு பேர் முகத்தையும் பார்க்கக் கூடாது என்று நினைத்தும் பார்த்தேன். அப்பா மகன் தோளைப் பிடித்துக்கொண்டு நடந்தார், செய்தி எது என்று கண்டுபிடிக்க முடியவில்லை, கருதல் அளவை தோற்றது. புகையைக் கண்டு தீயைக் கருது. நல்ல பாடம். இவர் உடம்பில் எத்தனை புகை வந்தது, அத்தனையையும் பார்த்தேன், பார்த்து என்ன கருதினேன்? தை மாதம் ராத்திரிச் சாப்பாட்டை நிறுத்தினார். உபவாசம் என்று நினைத்தேன். மாசியில் தன் வேட்டியைத் தானே துவைக்க ஆரம்பித்தார். ஐயா சொல்லியிருப்பார், தொண்டு, அகந்தை ஒழிய வேண்டும் என்று ஏதாவது, ஒழியட்டும், எனக்கு ஒரு வேலை மிச்சம் என்று நினைத்தேன். வேட்டியில் ரத்தம் பட்டதால் துவைத்திருக்கிறார். என் கண்ணில் படாமல். பங்குனியில் கழுத்தெலும்பு தெரிந்தது. ஐயாவின் நிலையத்திலிருந்து நான்கு பேர் வேன் வைத்துப் பார்க்க வந்தார்கள், கூடத்தில் வரிசையாக இவர் காலில் விழுந்தார்கள், அதில் ஒரு வங்கி மேனேஜர் எழுந்து நின்று கண் கலங்க, "அம்மா, அண்ணா முகத்துல அந்தத் தேஜஸ் வந்திருச்சு, பாத்தீங்களா" என்றார். தேஜஸ். ரத்தம் பாதியாகக் குறைந்து வெளுத்திருந்த முகம் அது. நானும் பார்த்தேன், வெளுத்துத்தான் இருக்கிறது, ஜன்னல் வெளிச்சம் என்று நினைத்து அவர்களுக்குக் காபி கலக்கப் போனேன். இளைப்பு, பசியின்மை, அசையாமல் உட்கார்வது, பேச்சில் விருப்பமில்லாமை, வெளிறிய முகம். ஞானி ஆவதற்கும் சாவதற்கும் இந்த ஊரில் ஒரே அறிகுறிதான் வைத்திருக்கிறார்கள், யார் எதில் போகிறார் என்று பக்கத்தில் படுத்திருப்பவளுக்குக்கூடத் தெரியாது. தெரியாது என்று மறுபடி சொல்கிறேன் பார், எவ்வளவு சுலபமாக வருகிறது அந்த வார்த்தை. டாக்டரிடம் அதையே சொல்லலாம். மார்கழியில் ஐயாவுக்கு இவர் எழுதிய கடிதத்தின் பதில் என் கைப்பையில் இருக்கிறது, போன வாரம்தான் இவர் அலமாரியில் கண்டுபிடித்தேன், உடம்பின் வலியை உடம்புக்கு விட்டுவிடு, நீ பார்த்திரு என்று நீல மையில். அதை டாக்டர் மேஜையில் போட்டு, இந்த ஆள் கொன்றான் சார் என்று சொல்லலாம். சொல்லத்தான் போகிறேன். காலையிலிருந்து அந்த வாக்கியத்தைத்தான் தயார் செய்துகொண்டிருக்கிறேன். ஆனால் மார்கழிக்கு முன்னால் கார்த்திகை இருக்கிறது.

கார்த்திகை வேண்டாம். டி.வி.யில் கத்தரிக்காய் முடிந்து இப்போது யாரோ ராசிபலன் சொல்கிறார். கார்த்திகை வேண்டாம் என்றால் மனசு அங்கேதான் போய் நிற்கும். மதுரையில் நாங்கள் எம்.ஏ. படித்தபோது ஒரு வெள்ளிக்கிழமைக் கருத்தரங்கில் இவர் எழுந்து, ஒருவர் வலியை இன்னொருவர் அறிய முடியுமா என்று கேட்டார். முடியாது என்பது அவர் கட்சி. முகச்சுளிப்பைக் காணலாம், வலியைக் காண முடியாது, சுளிப்பிலிருந்து வலியைக் கருதலாம் என்றால் நடிகன் சுளிப்பதை என்ன செய்வது, அவரே சொன்னார் என்று நம்பினால் பொய்யும் சொல்லலாமே. மூன்று அளவையும் அவுட் என்று கையைத் தட்டிவிட்டு உட்கார்ந்தார். நான் எழுந்தேன். இப்போது நீங்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு விழுந்தால் நான் அனுமானம் செய்துகொண்டா நிற்பேன், ஓடிவந்து தூக்குவேன், அந்த ஓட்டம்தான் அறிவு என்றேன். கைதட்டினார்கள். கல்யாணம் அதில்தான் நிச்சயமானது. அதற்கப்புறம் முப்பத்தைந்து வருடத்துக்கு மேலாக எங்கள் வீட்டில் அந்த விவாதம் ஓய்ந்ததே இல்லை. சாப்பிடும்போது, பஸ்ஸில், விடைத்தாள் திருத்தும்போது, யாராவது ஒருவர் வயிற்று வலி என்று ஆரம்பிப்போம், மற்றவர் புது வாதம் ஒன்று எடுத்துப் போட வேண்டும். உதாரணம் எப்போதும் வயிற்று வலிதான். மகள் பிறந்த அன்று நான் பிரசவ அறையிலிருந்து கத்திய கத்தலைக் கேட்டுவிட்டு, அப்புறம் வந்து வியர்த்த முகத்தோடு, வல்லி, இன்னிக்கி ஒரு நாள் ஒத்துக்கிறேன், அறிய முடியும் என்றார். மறுநாள் வாபஸ் வாங்கிவிட்டார். அந்த மனிதர் வாயை மூடியபோது எனக்குப் போனது புருஷனின் பேச்சு மட்டும் இல்லை, நான் யோசிக்கிற இடமே போயிற்று. யாரோடு யோசிப்பது? சுவரோடா? ஒன்றரை வருடத்துக்கு மேலாகக் காபி போதும், குழாய் சொட்டுகிறது. அப்படி இருக்கும்போது கார்த்திகை பதினெட்டாம் தேதி, மத்தியானம், நான் ஊறுகாய் ஜாடியைத் துடைத்துக்கொண்டிருந்தேன், இவர் வந்து சிலேட்டை என் முன்னால் வைத்தார். அடிவயிற்றில் வலி என்று எழுதியிருந்தது.

எனக்கு எப்படி இருந்தது என்று யாரிடம் சொல்வது. அவ்வளவு மகிழ்ச்சி. திரும்பி வந்துவிட்டார் என்று நினைத்தேன். வாயைத் திறக்காவிட்டால் என்ன, விவாதத்துக்கு வந்துவிட்டார், இத்தனை காலக் காத்திருப்புக்குப் பிறகு வலியிலிருந்தே ஆரம்பிக்கிறார் பார், என்ன குறும்பு என்று நினைத்தேன். இருங்க, இதோ வரேன் என்று சொல்லிவிட்டு உள்ளே ஓடினேன். விழுந்தால் ஓடிவந்து தூக்குவேன் என்று சொன்னவள் எதிர்ப்பக்கம் ஓடினேன். பழைய விடைத்தாளின் வெற்றுப் பக்கங்களில் எழுதினேன், மூன்று பக்கம். மௌனத்தில் இருப்பவர் வலி என்று எழுதினால் அது உரை அளவையில் சேருமா என்று தொடங்கி, வலியைக் கடந்தவர் வலியைப் பற்றிச் சொல்வதை நம்ப என்ன ஆதாரம் என்று கேட்டு, சாட்சிக்கு வலி இல்லை என்றால் சிலேட்டில் எழுதியது யார் என்று மடக்கி, கடைசியில் தாள் திருத்துபவருக்கு வணக்கம் என்று கிண்டலாக எழுதிக் கையெழுத்துப் போட்டேன். வாழ்க்கையில் நான் எழுதியதிலேயே நல்ல மூன்று பக்கம் அது. தேதி போட்டேன், நான் எதற்கும் தேதி போடுகிறவள். கொண்டுபோய்க் கொடுத்தேன். நின்றபடியே படித்தார். மெதுவாக, கடைசி வரை. சிரித்தார். என் தலையில் கையை வைத்தார். அப்புறம் சிலேட்டை எடுத்துத் துடைத்துவிட்டுத் தன் அறைக்குப் போய்விட்டார். பதில் வரும் என்று நான் இரண்டு நாள் காத்திருந்தேன். தட்டுக்கு அடியில் பார்த்தேன், தலையணைக்கு அடியில் பார்த்தேன். வரவில்லை. எனக்குக் கோபம் வந்தது, தொடங்கிவிட்டு இப்படிப் பாதியில் விட்டுப்போகிறாரே, மறுபடி அந்த ஆகாயத்துக்கே போய்விட்டாரே என்று. பாத்திரங்களைப் போட்டு உடைக்காத குறை. அதற்கப்புறம் வீம்புக்கு நான் எதையும் கேட்கவில்லை. சாப்பிட்டீர்களா என்றுகூட. எட்டு மாதம்.

வலி என்று இவர் முதலில் சொன்னது என்னிடம். ஐயாவுக்குப் பிறகுதான் எழுதியிருக்கிறார், நான் கைவிட்ட பிறகு. இதை எப்படித் திருப்பிப் போட்டாலும் வேறு மாதிரி ஆகவில்லை, ஒரு வாரமாகத் திருப்பித் திருப்பிப் போடுகிறேன். ஐயா மேல் கோபம் நிஜம்தான், அந்த நீல மை நிஜம்தான், ஆனால் அந்த ஆளுக்கு வயிற்று வலி வெறும் மாயை, எனக்கு வெறும் உதாரணம், ரெண்டு பேரில் யார் தேவலை? அப்பாலறிவு என்று கேலி செய்தேனே, வயிற்றைப் பிடித்துக்கொண்டு ஒருவர் எதிரில் நிற்கும்போது அவருடைய அளவையைச் சோதிக்கிற அறிவு மட்டும் எங்கே நின்றது, தரையிலா? பிடித்துக்கொண்டு நின்றாரா, நினைவில்லை. நான் அவர் வயிற்றைப் பார்க்கவே இல்லை. சிலேட்டைத்தான் பார்த்தேன். டாக்டரிடம் என்ன சொல்வது? தெரியாது என்று ஏற்கெனவே சொல்லியாயிற்று, அதையே சொல்லிவிட்டால் தீர்ந்தது. இவர் பேசப்போவதில்லை. அந்த மூன்று பக்கம் எங்கே போயிற்றோ. உலகத்தில் வேறு யாருக்கும் தெரியாது. துறையூர் அம்மாள் என் கையைத் தட்டி, "கூப்பிடுறாங்க பாருங்க" என்றாள்.

பதிமூன்று போய் வந்ததை நான் கவனிக்கவே இல்லை. உள்ளே போனோம். டாக்டர் ஹபீபுல்லா என் வயதுக்காரர், கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, உறையைக் கிழித்துப் படத்தை வெளிச்சத்தில் மாட்டினார். அறிக்கையைப் படித்தார். மறுபடி ஒருதரம் படித்தார், அப்போதே எனக்குத் தெரிந்துவிட்டது. "ஈரலுக்கும் போயிருக்கும்மா. இப்ப கத்தி வைக்க முடியாது. மருந்து ஏத்திப் பாப்போம், சுருங்குச்சுன்னா அப்பறம் ஆபரேஷனப் பத்திப் பேசலாம். சுருங்கும்னு நான் சத்தியம் பண்ண மாட்டேன்" என்றார். நான் தலையை ஆட்டினேன். தலை ஆடியது, நான் எங்கேயோ இருந்தேன். "ஒரு ஆறேழு மாசம் முந்தி வந்திருந்தா கதையே வேற." ஃபைலைத் திருப்பினார். "தெரியாதுன்னு எழுதியிருக்காங்களே. இவ்வளவு பெரிய கட்டி வலிக்காம இருந்திருக்காது. வீட்ல யார்கிட்டயாவது சொன்னாரா?" கைப்பையில் என் விரல் அந்தக் கடிதத்தின் மடிப்பில் இருந்தது. வாயைத் திறந்தேன்.

"இல்லீங்க டாக்டர்."

யார் பேசியது என்று நான் கதவுப் பக்கம் திரும்பிப் பார்த்தேன். துருப்பிடித்த, கரகரத்த குரல், பாதியில் காற்றாகிப்போகிற குரல். அப்புறம்தான் இவர் உதடு அசைவது தெரிந்தது. "யார்கிட்டயும் சொல்லல. அவங்களுக்கு எதுவும் தெரியாது." சொல்லிவிட்டு இருமினார். இரண்டு வருடம் நான்கு மாதம் கட்டிக் காத்ததை, குடல் அழுகியபோதும் விடாததை, ஒரு பொய்க்காக விட்டுவிட்டார். என் பொய்க்கு முட்டுக் கொடுப்பதற்காக. எனக்கு வந்த கோபத்தை என்னவென்று சொல்வேன், அந்த மேஜையை அப்படியே கவிழ்த்திருப்பேன். நன்றி என்று நினைத்தாரா? நான் நிம்மதியாக இருப்பேன் என்று நினைத்தாரா? டாக்டர் பேனாவை எடுத்தார். எழுதாதீங்க என்றேன். நான் நினைத்ததைவிட சத்தமாக வந்தது, வெளியே நர்ஸ் எட்டிப் பார்த்தாள். "எழுதாதீங்க டாக்டர், அது பொய். போன கார்த்திகை பதினெட்டாம் தேதி எங்கிட்டதான் சொன்னார். சிலேட்டுல எழுதிக் காட்டினார். முதல்ல எங்கிட்டதான். நான்தான் டாக்டர்கிட்ட கூட்டிட்டு வரல." அப்போ நீங்க என்னம்மா பண்ணீங்க என்று அவர் கேட்கவில்லை, ஆனால் அப்படித்தான் பார்த்தார், அதனால் அதையும் சொன்னேன். "பதில் எழுதினேன். மூணு பக்கம்." அவருக்குப் புரியவில்லை. எப்படிப் புரியும். இவர் என் முழங்கையைத் தொட்டு, "வல்லி, விடு" என்றார். என் பெயர். அதோடு எனக்குக் கட்டு விட்டுப்போயிற்று. டாக்டர் எதிரில் என்றும் பார்க்காமல் இவர் சட்டையைப் பிடித்தேன். இத்தனை வருடத்தில் நான் செய்யாத காரியம். "ஏன் சொல்லல? நான்தான் முட்டாள், விவாதம்னு நெனச்சேன். இது விவாதம் இல்ல, நிஜமாவே வலிக்குதுன்னு ஒரே ஒரு வரி கீழ எழுதிப் போட்டிருக்கலாமில்ல? அந்த ஐயா கூடாதுன்னாரா? வலியக் கடந்துட்டீங்களா? என்னத்தக் கடந்தீங்க நீங்க?" சட்டைக்குள் எலும்பு அசைந்தது. இவர் என் கையை விலக்கவில்லை. வயிற்றில் ஒரு கையை வைத்து அழுத்திக்கொண்டு, அடுத்த வார்த்தைக்கு மூச்சைத் தேடினார். கண்ணில் தண்ணீர் நின்றது.

"அப்படிச் சிரிச்சிக்கிட்டே ஓடிவந்து குடுத்தே வல்லி," என்றார். "அவ்வளவு சந்தோஷமா எழுதியிருந்தே. அதுக்கு மேல எப்படிச் சொல்றது?"